மாமல்லபுரத்துக்கு வந்த ‘ஓவ்’ விகுதி

(இலக்கிய வட்டக் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



செங்கல்பட்டு மாவட்டத்துக் கடற்கரையில், மாமல்லபுரத்தை அடுத்த பூஞ்சேரியில், 2022ஆம் ஆண்டு ஜூலை இறுதி முதல் ஆகஸ்டு 10ஆம் நாள் வரை 44ஆவது சதுரங்க ஒலிம்பியாடு நடைபெற்றது. அது ருஷ்ய நாட்டில் நடந்திருக்க வேண்டிய போட்டி. அவ்வாண்டு பிப்ரவரியில் உக்ரைன்மீது ருஷ்யா படையெடுத்ததனால் அங்கிருந்து பெயர்க்கப்பட்டுப் பல்லவர் கடற்கரைக்கு வந்து சேர்ந்தது. ருஷ்ய அணிக்குப் போட்டியில் இடம் இல்லாமற் போயிற்று. ருஷ்யர் வரவில்லை; ஆனால் ருஷ்ய இலக்கணம் வந்தது. பொதுப் பிரிவில் தங்கம் வென்ற உஸ்பெகிஸ்தான் அணியின் ஐந்து இளைஞர்களுடைய பெயர்களின் கடைசியிலும் அது ஒட்டிக்கொண்டு வந்தது: அப்துசத்தோரோவ், யாக்குப்போயேவ், சிந்தாரோவ், வாஹிதோவ், வோஹிதோவ்.

தொடக்கத் தரவரிசையில் 14ஆம் இடத்தில் இருந்த அணி அது. முதற்பலகையில் ஆடிய நோதிர்பெக் அப்துசத்தோரோவுக்கு அப்போது வயது 17. ஜவோஹிர் சிந்தாரோவுக்கு 16. பத்தாம் சுற்றில் அவர்கள் இந்தியாவின் இரண்டாம் அணியைச் சந்தித்தபோது தமிழ்நாட்டு மக்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தனர். குகேஷ் அப்துசத்தோரோவிடம் தோற்றார், பிரக்ஞானந்தா சிந்தாரோவை வென்றார், ஆட்டம் சமனாயிற்று. அந்நாட்களில் அப்பெயர்களைக் கேட்டோரில் பலர் அவர்களை ருஷ்யர் என்றே எண்ணியிருக்கக் கூடும். எண்ணியதில் வியப்பில்லை. பெயரின் வால் ருஷ்ய மொழி. ஆனால் உடல் ருஷ்ய மொழி அன்று.

அப்துசத்தோரோவ் என்னும் பெயரைப் பிரித்துப் பார்க்கலாம். ‘அப்து’ என்பது அரபியில் அடியான். ‘ஸத்தார்’ என்பது மறைத்துக் காப்பவன், அதாவது அடியாரின் குற்றங்களைப் பிறர் அறியாமல் மூடிக் காக்கும் இறைவன். இரண்டும் சேர்ந்து அப்துஸ் ஸத்தார். இங்கே நாம் அப்துல் சத்தார் என்று எழுதும் அதே பெயர்தான். அரபியின் நெடில் ஆகாரத்தை உஸ்பெக் நாவும் தாஜிக் நாவும் ஓகாரமாகக் குவிக்கும். ஆகவே சத்தார் சத்தோர் ஆயிற்று. அதன்மேல் ருஷ்ய மொழியின் ‘ஓவ்’. அடியார்க்கு அடியார் என்பது நம் பக்தி மரபு நன்கறிந்த சொல். ஏறக்குறைய அதே பொருள், மூன்று மொழிகளின் கூட்டுறவால் ஒரு சதுரங்கச் சிறுவனின் குடும்பப் பெயருக்குள் அமைந்துவிட்டது. ‘மறைத்துக் காப்பவனின் அடியானுடைய’ என்பதே அதன் நேர்ப்பொருள். ‘உடைய’ என்பதோடு அது நின்றுவிடுகிறது. மகனா, மகளா, பேரனா என்று சொல்லவில்லை. யாருடைய என்ற கேள்விக்கு மட்டுமே விடை.

ருஷ்ய இலக்கணத்தில் இவ்விகுதி முதலில் உடைமைப் பெயரடையாகவே இருந்தது. மெய்யில் முடியும் பெயரோடு ‘ஓவ்’ சேரும். இறுதி மெய் மென்மையாயின் ‘ஏவ்’ ஆகும். அகரத்தில் முடியும் பெயராயின் அவ்வகரம் கெட்டு ‘இன்’ வரும். இவான் என்பவருடையவன் இவானோவ். அலியினுடையவன் அலியேவ். நிகிதாவினுடையவன் நிகிதின். பெண்ணாயின் கடைசியில் ஓர் ஆகாரம் ஏறும்: அலியேவா, இவானோவா. (நிகிதின் என்பதில் உள்ள ‘இன்’ நம்முடைய இன் சாரியையைப் போல ஒலிப்பது தற்செயலே. அதைக் கொண்டு வோல்காவுக்கும் பாலாற்றுக்கும் உறவு நாட்டப் புகுவோர் இருப்பின், அவர்களைத் தடுக்க இங்கே நேரமில்லை.)

இத்தகைய பெயராக்கம் தமிழுக்குப் புதிதன்று. தொல்காப்பிய எழுத்ததிகாரத்துப் புள்ளிமயங்கியலில், இயற்பெயர்கள் முறைப்பெயரோடு புணரும் இடத்தை ஆசிரியர் தனியே எடுத்துப் பேசுகிறார். தந்தையின் பெயரும் மகனின் பெயரும் அடுத்தடுத்து நிற்கையில் முன்னதன் ‘அன்’ கெட்டு ‘அம்’ சாரியை வரலாம் என்பது விதி. உரையாசிரியர்கள் காட்டும் எடுத்துக்காட்டு சாத்தங்கொற்றன். சாத்தன் மகனாகிய கொற்றன் என்று பொருள். மகன் என்ற சொல்லே இல்லாமல், ஒரு சாரியையைக் கொண்டே தந்தை மகன் உறவைச் சொல்லிவிடும் ஆற்றல் அன்று தமிழுக்கு இருந்தது. ருஷ்ய ‘ஓவ்’ செய்வதும் ஏறத்தாழ இதுவே. வேறுபாடு எங்கே எனில், சாத்தங்கொற்றன் என்ற பெயரைச் சாத்தனின் ஊராரே, சாத்தனின் மொழியிலேயே ஆக்கினர். அப்துசத்தோரோவ் என்ற பெயரை அப்துசத்தோரின் ஊரார் ஆக்கவில்லை.

அதை ஆக்கியவர் யார் என்பதற்கு வரலாற்றைச் சற்றே பின்னோக்கிப் பார்க்க வேண்டும். 1552இல் நான்காம் இவான் கசான் நகரைக் கைப்பற்றினான். அதன்பின் தாத்தாரியப் பிரபுக்கள் பலர் மாஸ்கோவின் பணியில் அமர்ந்தனர். நோகாய்த் தலைவன் யூசுபின் வழியினர் யூசுபோவ் ஆயினர். நாளடைவில் கிறித்தவமும் தழுவினர். 1916இல் ரஸ்புதீனைக் கொன்ற கூட்டத்தில் இருந்த பெலிக்ஸ் யூசுபோவ் அக்குடியினரே. நமக்கு நன்கு அறிமுகமான துர்கனேவின் குடும்பமும், வரலாற்றாசிரியர் கரம்சீனின் குடும்பமும் தம் முன்னோரைத் தாத்தாரியரிடம் கொண்டு சேர்க்கும் மரபுடையவை. இவையெல்லாம் மேட்டுக்குடிப் பெயர்கள். விரும்பி ஏற்றவை என்றும் சொல்லலாம். பெருந்திரளான முஸ்லிம் மக்களுக்கு இவ்விகுதி பின்னரே வந்தது. 1865இல் தாஷ்கண்டு வீழ்ந்தது. 1876இல் கோக்கந்து அரசு ஒழிந்தது. மத்திய ஆசியாவில் ஜார் ஆட்சி வேரூன்றியது. ஆயினும் சிற்றூர் உழவனுக்கும் இடையனுக்கும் குடும்பப் பெயர் என ஒன்று வேண்டியிருக்கவில்லை. இன்னாருடைய மகன் இன்னார்; அதற்குத் துருக்கிய மொழிகளில் ‘ஓக்லு’, ‘உலு’ என்னும் சொற்களும், பாரசீகத்தில் ‘ஸாதா’ என்னும் சொல்லும் இருந்தன. சோவியத் ஆட்சி வந்து, ஊர்தோறும் பதிவலுவலகம் வந்து, 1932 டிசம்பரில் உள்நாட்டுக் கடவுச்சீட்டு முறையும் வந்த பின்னரே அச்சடித்த படிவத்தின் ஒரு கட்டம் அவ்விடையனிடம் குடும்பப் பெயர் கேட்டது. எழுத்தர் தந்தையின் பெயரையோ பாட்டனாரின் பெயரையோ வினவினார்; ‘ஓவ்’ சேர்த்தார்; முடிந்தது. தந்தை பெயருக்குத் தனிக்கட்டம் வேறு இருந்தது. அங்கே ‘ஓவிச்’ அல்லது ‘ஓவ்னா’. உஸ்பெகிஸ்தானின் முதல் அதிபரின் முழுப்பெயர் இஸ்லாம் அப்துகனியேவிச் கரீமோவ். மூன்று சொற்கள், மூன்றும் அரபு வேர்கள், இரண்டில் ருஷ்ய விகுதிகள்.

சில பெயர்களில் விகுதியின்மேல் விகுதி ஏறி வேடிக்கையாகிவிடுவதும் உண்டு. ‘மிர்சா’ என்பது ‘அமீர்ஸாதா’ என்பதன் குறுக்கம். அமீருக்குப் பிறந்தவன் என்பது பொருள். அதன்மேல் ‘ஏவ்’ சேர்ந்து மிர்சாயேவ் ஆகும்போது ‘அமீரின் மகனுடைய மகன்’ ஆகிவிடுகிறது. பாரசீகம் ஒருமுறை சொன்னதை ருஷ்யம் மறுபடி சொல்கிறது. யாக்குப்போயேவ் என்ற பெயரில் நபியின் பெயராகிய யாக்கூபும், செல்வர் என்னும் பொருளுடைய துருக்கியச் சொல்லாகிய ‘போய்’ என்பதும், ருஷ்ய ‘ஏவ்’ விகுதியும் உள்ளன. அஜர்பைஜான் அணியின் மமேத்யாரோவ் என்பவர் பெயரில் மமேத் என்பது முகம்மது. ‘யார்’ என்பது பாரசீகத்தில் தோழன். ஜவோஹிர் என்பது மணிகள் என்னும் பொருளுடைய அரபுச் சொல். நம் ஜவகர்லாலின் பெயரில் உள்ளதும் அதுவே. வாஹிதோவ், வோஹிதோவ் ஆகிய இருவர் பெயரும் ‘ஒன்று’ என்னும் பொருளுடைய ஒரே அரபு வேரிலிருந்து வந்தவை. உஸ்பெக் நாவின் ஓகாரம் ஒன்றில் எழுத்தில் ஏறியிருக்கிறது; மற்றதில் ஏறவில்லை. ஒரே அணியில், பக்கத்துப் பக்கத்து நாற்காலிகளில் அமர்ந்த இருவர்.

எழுத்தில் ஏறுவது எது, ஏறாதது எது என்ற இக்கேள்வி தமிழருக்கு நெருக்கமானது. ருஷ்ய மொழியில் ஹகர ஒலி இல்லை; அதற்குப் பதில் பெரும்பாலும் ககரத்தின் மெல்லொலியை எழுதுவர். ஹசன் அங்கே கசன், ஹுசைன் குசெய்ன், ஹாஜி காஜி, இப்ராஹிம் இப்ராகிம், முஹம்மது தாகெஸ்தானில் மகொமெத். இவற்றின் வழியே கசனோவ், குசெய்னோவ், காஜியேவ், இப்ராகிமோவ், மகொமெதோவ். இவற்றைக் கண்டு அந்நியம் என்று நகைக்குமுன் நம் ஊர் வாக்காளர் பட்டியலை ஒருமுறை பார்க்க வேண்டும். முகம்மது, இப்ராகிம் என்று ககரமிட்டு எழுதுவோரும் நாமே. அசன், உசேன் என்று ஹகரத்தை அடியோடு விட்டுவிடுவோரும் நாமே. 1780இல் கர்நாடகத்தின்மீது படையெடுத்து வந்து செங்கல்பட்டுச் சீமையைக் கலங்கடித்த மைசூர் மன்னர் நமக்கு ஐதர் அலி. அதே இரு பெயர்களைத் தாங்கிய அஜர்பைஜான் அதிபர் ருஷ்யர் எழுத்தில் கெய்தர் அலியேவ். காவிரிக்கரையில் ஹகரம் உதிர்ந்தது. காஸ்பியன் கரையில் ககரமாயிற்று. காஜா என்று தொடங்கும் தமிழ் முஸ்லிம் பெயர்களில் உள்ள அதே ‘க்வாஜா’தான், உஸ்பெக் சோவியத் குடியரசின் முதல் அரசுத் தலைவராக இருந்து 1938இல் சுட்டுக் கொல்லப்பட்ட பைசுல்லா கோஜாயேவின் பெயரிலும் உள்ளது.

தமிழ் தன்னிடம் வந்த அரபுப் பெயர்களை எவ்வாறு நடத்தியது என்பதும் இங்கே நினைக்கத்தக்கது. வேற்றுமொழிச் சொல் தன் எழுத்தை விட்டுத் தமிழ் எழுத்தை ஏற்று வரலாம் என்ற பழைய நெறியே இங்கும் செயற்பட்டது. உமர், உமறு ஆனார். ‘புலவர்’ சேர்ந்தபோது இடையே பகர ஒற்று மிக்கு உமறுப்புலவர் ஆனார். அவர் பாடிய சீறாப்புராணத்தின் பெயரிலேயே அரபுச் சொல்லும் புராணமும் தமிழ்ப் புணர்ச்சி விதிப்படி கைகோத்து நிற்கின்றன. கீழக்கரை வள்ளல் ஷெய்கு அப்துல் காதிர், சீதக்காதி ஆனார். அப்பெயரைக் கேட்கும் தமிழ் மாணவனுக்கு அதில் அரபி இருப்பதே தெரியாது. ரகுமான் இரகுமான் ஆனார். லெப்பை இலெப்பை ஆனார். எந்த எழுத்தரும் இதைச் செய்யவில்லை; எந்தப் படிவமும் கேட்கவில்லை. நாவும் செய்யுளும் செய்தன. மாமல்லபுரத்துக்கு வடக்கே கோவளத்துத் தர்காவில் தமீம் அன்சாரியின் பெயரைச் சொல்லிச் செல்வோர், அன்சாரி என்பதில் உள்ள ஈகாரமும் ஒரு விகுதியே என்பதை எண்ணுவதில்லை. மதீனத்து அன்சார்களைச் சேர்ந்தவர் என்று பொருள் தரும் அரபு விகுதி அது. ‘யாரைச் சேர்ந்தவர்?’ என்ற வினா அங்கும் உண்டு.

இவ்வினாவுக்கு விடை சொல்லத் தமிழர் இக்காலத்தில் கண்ட வழி தலையெழுத்து. ருஷ்யன் பெயருக்குப் பின்னே சேர்ப்பதைத் தமிழன் முன்னே, ஒற்றை எழுத்தாகச் சேர்க்கிறான். முஸ்லிமாயினும் இந்துவாயினும் கிறித்தவராயினும் தந்தைக்கு ஓர் எழுத்து. இராமேசுவரத்து அப்துல் கலாமின் பெயருக்கு முன் கொள்ளுப்பாட்டனார் அவுல், பாட்டனார் பக்கீர், தந்தை ஜைனுலாப்தீன் என மூன்று தலைமுறையினர் எழுத்துருவில் நிற்பது அரிய விதிவிலக்கு. பெரும்பாலோர்க்கு ஓரெழுத்தே, அடுத்த தலைமுறையில் அதுவும் மாறிவிடும். இம்முறையின் நன்மை, ஒவ்வொரு தந்தையும் தம் காலத்தில் நினைக்கப்படுகிறார் என்பது. குறை, பாட்டனார் மறைந்துபோகிறார் என்பது. ருஷ்ய முறையில் நேர்மாறாக, எழுத்தர் வந்த நாளில் கேட்கப்பட்ட பெயருக்குரியவர் யாரோ, அவரே என்றென்றைக்கும் குலமுதல்வர். அவருக்கு முந்தியோர் ஏட்டில் இல்லை. பிந்தியோர் அனைவரும் அவருடையவர்கள்.

உலகப் படிவங்களுக்கு நம் தலையெழுத்து இன்றுவரை விளங்கவில்லை. விசுவநாதன் என்பது ஆனந்தின் தந்தை பெயர். மேலைநாட்டார் அதையே அவருடைய சொந்தப் பெயராகக் கொண்டு ‘விஷி’ என்று செல்லமாகச் சுருக்கினர். வளைகுடாவுக்கு வேலைக்குச் செல்லும் தமிழனைக் கடவுச்சீட்டின் கட்டம் குடும்பப் பெயர் கேட்கிறது. தந்தையின் பெயரை அங்கே விரித்து எழுதுகிறான். அன்றுமுதல் அலுவலகத்தார் அவனைத் தந்தை பெயரால் அழைக்கின்றனர். அப்துல் ரகுமானாயின் இன்னும் மோசம். ‘அப்துல்’ என்று மட்டும் கூப்பிடுவார்கள். ‘இன்னாரின் அடியான்’ என்பதில் இன்னாரை விட்டுவிட்டு அடியானை மட்டும் அழைப்பது அது. ருஷ்யப் பதிவலுவலகத்தை நோக்கி விரல் நீட்டுவோர், கட்டம் போட்ட தாள் எங்கும் ஒன்றுதான் என்பதையும் மறக்கலாகாது.

இதற்கு எதிர்த்திசையில் நடந்த ஒரு கதையும் உண்டு. 15ஆம் நூற்றாண்டில் ருஷ்ய நாட்டுத் த்வேர் நகரத்து வணிகர் அபனாசி நிகிதின் மூன்று கடல் கடந்து பாமினி அரசின் பீதர் நகரம் வந்தார். நிகிதாவுடையவர் என்னும் தம் பெயர் இங்கே பயன்படாது என்று கண்டு, கோஜா யூசுப் கொராசானி என்று தம்மைச் சொல்லிக்கொண்டார். ருஷ்ய விகுதியைக் கழற்றி வைத்துவிட்டு, ஊர்ப்பெயரோடு சேரும் ஈகார விகுதியைத் தரித்துக்கொண்டார். அவரை யாரும் வற்புறுத்திப் படிவத்தில் எழுதவில்லை. ஆனால் அந்நிய ஊரில் பிழைக்க வேண்டிய நெருக்கடியும் ஒரு படிவமே.

சோவியத் ஒன்றியம் 1991இல் கலைந்தபின் விகுதியைக் களையும் முயற்சிகள் தொடங்கின. 2007இல் தாஜிகிஸ்தான் அதிபர் இமோமலி ரஹ்மோனோவ் தம் பெயரின் வாலை நீக்கி ரஹ்மோன் ஆனார். 2016இல் அந்நாட்டில் தாஜிக் குழந்தைகளுக்கு ருஷ்ய விகுதியோடு பெயர் பதிவதே சட்டத்தால் தடுக்கப்பட்டது. அஜர்பைஜானியர் சிலர் ‘லி’ என்றும் ‘ஸாதே’ என்றும் மாறினர். கசாக்கியர் சிலர் ‘உலி’ என்று மாறினர், சிலர் வெறும் தந்தை பெயரோடு நின்றனர். விடுதலை பெற்ற மக்கள் தம் பெயரைத் தாமே சொல்லிக்கொள்ள விரும்புவது இயல்பு. அதில் குறைகாண ஒன்றுமில்லை. ஆனால் சேர்ப்பதற்கு ஓர் எழுத்தர் வந்தது போலவே நீக்குவதற்கும் ஓர் எழுத்தர் வருவதுதான் உறுத்துகிறது. தந்தை ஓவ், மகன் வெறும் பெயர் என்று ஒரே வீட்டில் இரு குடும்பப் பெயர்கள். மாமல்லபுரத்தில் வென்ற ஐவரும் உஸ்பெகிஸ்தான் விடுதலைக்குப் பின் பிறந்தவர்கள். அவர்கள் பெயரில் ‘ஓவ்’ அப்படியே இருக்கிறது. அடிமைத்தனத்தின் எச்சம் என்று அதைச் சொல்லிவிடுவது எளிது. தங்கள் தாத்தாவின் பெயர் என்று அவர்கள் சொல்லக்கூடும்.

இவ்விகுதியைப் பற்றி முடிவாக ஏதேனும் சொல்ல விழைவோர், தமிழ் வாசகர் நெடுங்காலமாக நேசித்து வரும் ஓர் எழுத்தாளரின் பெயரைக் கருதிப் பார்த்தல் வேண்டும். ‘ஜமீலா’வையும் ‘முதல் ஆசிரிய’ரையும் மாஸ்கோ அச்சிட்ட மலிவுப் பதிப்புகளில் படித்து வளர்ந்த தலைமுறை இவ்வவையிலும் உண்டு. சிங்கிஸ் ஐத்மாத்தோவ் கிர்கீசியர். ஐத்மாத் என்பது அவருடைய பாட்டனார் பெயர். தந்தை தோரெகுல் ஐத்மாத்தோவ் கட்சியில் உயர் பொறுப்பில் இருந்தவர். ஸ்டாலின் காலத்துக் களையெடுப்பில் கைதாகி 1938இல் கொல்லப்பட்டார். மகனுக்கு அப்போது வயது ஒன்பது. எங்கே கொன்றார்கள், எங்கே புதைத்தார்கள் என்பது குடும்பத்துக்குத் தெரியாது.

1980இல் ஐத்மாத்தோவ் எழுதிய நாவலில் மான்குர்த் என்னும் அடிமையின் கதை வருகிறது. சித்திரவதையால் நினைவு அழிக்கப்பட்டவன் அவன். தன் பெயரும் அறியான், தந்தை பெயரும் அறியான். தேடி வந்த தாய் அவனுக்குத் தந்தையின் பெயர் தொனென்பாய் என்று மீண்டும் மீண்டும் சொல்கிறாள். அவன் அம்பெய்து அவளையே கொன்றுவிடுகிறான். அவளுடைய தலைத்துணி பறவையாகி, நீ யாருடைய மகன் என்பதை நினைத்துப் பார் என்று புல்வெளியெங்கும் கூவித் திரிகிறது. ‘ஓவ்’ விடை சொல்லும் அதே வினா இது. தந்தையின் கல்லறையை அறியாத மகன் எழுதியது.

1991இல் பிஷ்கேக் நகருக்கு அருகே சோங்-தாஷ் என்னுமிடத்தில், பழைய செங்கற்சூளை ஒன்றில் புதைக்கப்பட்டிருந்த 130க்கும் மேற்பட்டோரின் எச்சங்கள் தோண்டி எடுக்கப்பட்டன. மக்கிய துணிகளிடையே குற்றப்பத்திரிகைத் தாள் ஒன்று கிடைத்தது. அதில் குண்டு துளைத்த தடமும், படிக்கத்தக்க நிலையில் பெயரும் இருந்தன. ருஷ்ய எழுத்தில், ருஷ்ய விகுதியோடு, எழுத்தர் ஒருவர் எழுதிய பெயர்: ஐத்மாத்தோவ். அவ்விடத்துக்குப் பின்னர் ‘அத்தா பெயித்’ எனப் பெயரிட்டனர். தந்தையரின் கல்லறை என்பது பொருள். 2008இல் மகனும் அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார்.